அறைவாங்கியின் அண்ணன்

என் பேத்தியின் கல்யாணப் பேச்சு நல்லபடியாக முடிந்து, காலிக் கோப்பைகளை உள்ளே எடுத்துப் போகும் நேரத்தில்தான் மாப்பிள்ளையின் தகப்பனார் அந்த வார்த்தையைச் சொன்னார்.

"பெரியவரே, கேக்கணும்னே நினைச்சேன். டிவியில வர்ற அறைவாங்கி உங்க தம்பியாமே?"

என் மருமகள் தரையைப் பார்த்தாள்.

"ஆமாம்," என்றேன்.

"அடடே! எங்க வீட்டுல அவர்னா உசிரு. நேத்துகூட கன்னத்துல ஒண்ணு வாங்கினாரு பாருங்க, கண்ணாடி தனியா பறந்துச்சு. ரிசப்ஷன்ல அவரை மேடையேத்துவோம். எங்க பையன் சும்மா ஒண்ணு விடட்டும். வீடியோவுல நிக்கும்."

அவரோடு வந்தவர்கள் சிரித்தார்கள். என் மகனும் சேர்ந்து சிரித்தான். அதுதான் எனக்குப் பொறுக்கவில்லை.

எங்கள் அப்பா நீதிமன்றத்தில் மொழிபெயர்ப்பாளர். நீதிபதியே நாற்காலி காட்டி உட்காரச் சொன்ன ஊழியர் அவர் ஒருவர்தான். அவருக்குப் பிறந்தவன் முப்பத்திரண்டு வருடமாக ஊர் பார்க்க அறை வாங்குகிறான். வாட்ச்மேன், லஞ்சக் குமாஸ்தா, கறாரான வீட்டுக்காரர், கொடுமைக்கார மாமனார். வேஷம் எதுவானாலும் யாராவது ஒருவன் கன்னத்தில் விடுவான், இவன் சுருண்டு விழுவான். போஸ்டரில் அவன் முகம் வந்ததில்லை. பெயர்ப் பட்டியலில் 'மற்றும் பலர்' என்பதற்குள் அடங்கிவிடுவான். அவன் சொந்தப் பெயர் தெருவில் ஒருவருக்கும் தெரியாது. அறைவாங்கி என்றால் பால்காரருக்கும் தெரியும்.

அவனோடு நான் பேசி எட்டு வருடம் இருக்கும். கல்யாணத்துக்கு வராதே என்பதை முகத்துக்கு நேரே சொல்ல வேண்டும் என்று மறுநாள் காலை படப்பிடிப்பு நடக்கும் இடத்துக்கே போனேன். இதையெல்லாம் போனில் சொல்பவன் நானல்ல.

தகரக் கூரை போட்ட பெரிய கொட்டகை. உள்ளே மூன்று சுவர்களோடு ஒரு பணக்கார வீட்டுக் கூடம். நான்காவது சுவர் இருக்க வேண்டிய இடத்தில் விளக்குகளும் கேமராவும். என் தம்பி கோட் போட்டு, காலரில் மேக்கப் ஒட்டாமலிருக்கக் கைக்குட்டை செருகி நின்றிருந்தான். எதிரே கதாநாயகன், இருபத்திரண்டு வயதுப் பையன்.

அடிப்பார்கள், இவன் வாங்குவான் என்றுதான் இத்தனை நாள் நினைத்திருந்தேன். அப்படியில்லை. பையனின் கை இவன் முகத்துக்கு ஒரு சாண் முன்னால் காற்றில் போனது. அதே நொடியில் இவன் தலை, தோள், கண்ணாடி எல்லாம் சேர்ந்து திரும்பின. சத்தத்தை அப்புறம் சேர்ப்பார்களாம். அடிப்பவனுக்குக் கையை வீசுவதோடு சரி, மற்ற வேலையெல்லாம் விழுகிறவனுக்கு.

பையனுக்கு நேரம் பிடிபடவில்லை. நான்கு தடவை கெடுத்தான். நான்கு தடவையும் தம்பி எழுந்து முழங்காலைத் தட்டிவிட்டுக்கொண்டு, "என் கண்ணைப் பாருங்க தம்பி. நான் இமைச்சதும் கையை விடுங்க," என்று தணிந்த குரலில் சொன்னான்.

ஐந்தாவதும் கெட்டது. டைரக்டர் கத்தினான். "நேரமாகுது. நிஜமாவே ஒண்ணு வெச்சுடு. பெரிசு தாங்கும். பழகின கன்னம்தானே!"

"அது முடியாது சார்," என்றான் தம்பி. "என்மேல கை படக் கூடாது. தம்பி இன்னும் அஞ்சு நிமிஷத்துல கத்துக்குவார்."

"மூணு டயலாக் பேசற ஆளுக்கு இவ்வளவு கொழுப்பா? வெச்சுடுடா!"

பையன் கையை ஓங்கினான். எப்படிப் போனேன் என்று தெரியாது, அந்தப் பொய்க் கூடத்தின் நடுவில் அவன் மணிக்கட்டைப் பிடித்துக்கொண்டு நின்றேன்.

"இறக்குடா கையை. யார் வீட்டுப் பிள்ளைன்னு தெரியுமாடா அவன்?"

"கட்! யாருய்யா இந்தக் கிழம்? எந்தக் கதையில வருது?"

எல்லோரும் சிரித்தார்கள். தம்பி சிரிக்கவில்லை. என் முழங்கையைப் பற்றிக் கொட்டகைக்குப் பின்னால், தண்ணீர்த் தொட்டியருகே இழுத்துப் போனான்.

"என் வேலையில வந்து எதுக்கு நின்னீங்க?"

"அவன் அடிக்க வந்தான்டா."

"நான் சமாளிச்சிருப்பேன். இனிமே அண்ணன் வந்து காப்பாத்தின ஆளுன்னு பேசுவாங்க. வந்த விஷயத்தைச் சொல்லுங்க."

சம்மந்தி கேட்டதைச் சொன்னேன். கல்யாணத்துக்கு வர வேண்டாம் என்றும் சொன்னேன்.

கைக்குட்டையை உருவி மடித்தான். "மாப்பிள்ளை அடிச்சா எனக்கு ஒண்ணுமில்லண்ணா, திரும்பிடுவேன். எத்தனையோ கை வந்திருக்கு, ஒண்ணும் தொட்டதில்ல. என்னை நிஜமா அடிச்சது ஒரே கைதான். நம்ம வாசல்ல, தெருவே பார்க்க. அன்னைக்கு எனக்குத் திரும்பத் தெரியல."

அது என் கை. முதல் வாய்ப்புக் கிடைத்ததென்று அவன் ஓடி வந்து சொன்ன நாள். நான் மறுக்கவில்லை. மன்னிப்பும் கேட்கவில்லை. எங்கள் வீட்டில் அந்தப் பழக்கம் கிடையாது.

"சரி, வரல," என்றான். "ஆனா ஏன் வரலன்னு அவர்கிட்ட நீங்க சொல்லணும். ஷூட்டிங்குன்னு என் தொழில்மேல பொய்யா பழியைப் போடாதீங்க."

அதைச் சொல்லத்தான் அங்கேயே சம்மந்திக்குப் போன் போட்டேன். வாயில் வந்தது வேறு.

"என் தம்பி கல்யாணத்துக்கு வருவான். முதல் வரிசையில உட்காருவான். அந்தப் பேரைச் சொல்லி யாராவது கூப்பிட்டீங்கன்னா பொண்ணைக் கூட்டிக்கிட்டு மேடையை விட்டு இறங்கிடுவேன்."

"அட, தமாஷுக்குச் சொன்னதைப் போய்..."

"உங்க தமாஷுக்கு எங்க வீட்டுல ஆள் இல்ல."

"அப்படீன்னா நாங்களும் யோசிச்சுத்தான் சொல்லணும்," என்று வைத்துவிட்டார்.

கல்யாணம் அந்தரத்தில் நின்றது. மகன் என் முகத்தில் விழிக்க மாட்டான். பேத்திக்கு என்ன பதில் சொல்வது என்றும் தெரியவில்லை. சொன்ன சொல்லைத் திரும்ப எடுக்கும் எண்ணம் மட்டும் எனக்கில்லை.

"வர்றேன்னு நான் சொல்லலியே," என்றான் தம்பி.

"வருவே."

"அதை நீங்க முடிவு பண்ணாதீங்க."

உள்ளே கூப்பிட்டார்கள். கண்ணாடியை மாட்டிக்கொண்டு, "கேட் வலது பக்கம். ஒயரை மிதிக்காமப் போங்க," என்று சொல்லிவிட்டுப் போனான்.

நான் போகவில்லை. கொட்டகையின் வாசற்படியில் நின்றேன். அந்தப் பையனின் கை எத்தனை தூரத்தில் போகிறது என்று நான் பார்த்தாக வேண்டும்.