எடித் ஆச்சிக்கு ஒரு சேலை

லண்டனிலிருந்து டிவிக்காரர்கள் வருகிறார்கள் என்றதும் எங்கள் வீட்டுக்கு வந்த பவிசைப் பார்த்திருக்க வேண்டும்! கொல்லைப்பக்கத்து அறையில் கிடந்த எடித் ஆச்சியின் படத்தை என் மாமனார் முத்துக்கருப்பன் தூசி தட்டி முகப்பில் மாட்டினார். சந்தன மாலை வேறு. "எங்க சின்னாத்தா" என்று வந்தவர்களிடம் உருகினார். எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது.

எடித் ஆச்சி மாமனாரின் சித்தப்பா மனைவி. பேசாத படக் காலத்தில் லண்டனில் நடித்தவர். பெரிய நட்சத்திரமெல்லாம் இல்லை. கதாநாயகிக்குப் பதிலாகக் குதிரையிலிருந்து விழுவார், ஆற்றில் குதிப்பார், வேலைக்காரியாக வந்து கதவைத் திறந்துவிட்டுப் போவார். ஒரு படத்திலும் அவர் பேரைப் போட்டதில்லையாம்; அப்படிப் பேர் போடாமல் விட்டவர்களைத் தேடிப் படம் எடுக்கத்தான் இந்த டிவிக்காரர்கள் வந்தார்கள். அங்கே படிக்கப்போன இடத்தில் சித்தப்பா அவரைக் கல்யாணம் செய்து காரைக்குடிக்குக் கூட்டிவந்தார். வந்த கொஞ்ச நாளிலேயே மனுஷன் காய்ச்சலில் போய்ச் சேர்ந்தார். திரும்பிப் போக ஆச்சிக்கு அங்கே யாருமில்லை. கூத்தாடி என்று பேர் வைத்து, கொல்லைப்பக்கம் ஒதுக்கி, சாகும்வரை தனித்தட்டில் சோறு போட்டார்கள்.

நான் இந்த வீட்டுக்கு வாக்கப்பட்டு வந்தபோது ஆச்சி கிழவி. என்னிடம் சிரித்துப் பேசிய ஒரே ஆள் அவர்தான். "விழுறதுக்கும் வித்தை இருக்கு சீதை. மொதல்ல தோளைக் குடுக்கணும்" என்பார்.

வருஷத்துக்கொரு முறை எங்கள் வீட்டில் படைப்பு நடக்கும். இறந்துபோன பெரியவர்களைப் பேர் சொல்லிக் கூப்பிட்டு, புதுச்சேலை, வேட்டி வைத்து, இலை போட்டுச் சோறு படைப்போம். ஆச்சி செத்த வருஷமே அவருக்கும் ஒரு சேலை வைக்கச் சொல்லிக் கேட்டேன். "அவளுக்கு என்னாத்துக்குப் படைப்பு? நம்ம சாதியா, சனமா?" என்று மாமனார் என் வாயை அடைத்துவிட்டார்.

இப்போது டிவிக்காரர்கள், ஆச்சிக்கு வீட்டில் என்ன சடங்கு செய்கிறீர்கள் என்று கேட்டார்கள். "எல்லாருக்கும் செய்யிற மாதிரித்தான்" என்றார் மாமனார், கூசாமல். அதைப் படம் பிடிக்கலாமா என்றார்கள். உடனே கடைக்கு ஆள் ஓடியது. கண்டாங்கிச் சேலை வந்தது, இலை விழுந்தது. கைகூப்பி நின்ற மாமனார் என் பக்கம் குனிந்து, "இவுக சொல்றது வெளங்கல, அவ பேரு என்ன?" என்றார். அடப்பாவி! அத்தனை வருஷம் ஒரே கூரைக்குக் கீழ் இருந்த மனுஷியின் பேர் தெரியவில்லை! சொன்னேன். "எடித் ஆச்சி, வாங்க, வந்து சாப்பிடுங்க" என்று கண்ணீர் மல்கக் கூப்பிட்டார்.

வந்தவர்கள் கார் ஏறியதும், "சேலையக் கடையில திருப்பிக் குடுத்துரு" என்றார்.

"பேரு சொல்லிக் கூப்பிட்டுட்டீக மாமா. கூப்பிட்டவுகளை அடுத்த படைப்புல விட முடியுமா?"

மாமியார் நாகம்மை நெஞ்சில் கைவைத்தார். "ஐயையோ, விட்டா குடும்பத்துக்கு ஆகாதே!" எங்கள் வீட்டு வழக்கம் அப்படித்தான். ஒருதரம் கூப்பிட்டால் தலைமுறைக்கும் கூப்பிட வேண்டும்.

"அது சும்மா படத்துக்குச் செஞ்சது. நடிப்பு" என்றார் மாமனார்.

"அவுக வயித்துப்பாட்டுக்கு நடிச்சாக. அதுக்கு ஆயுசு பூரா கூத்தாடின்னீக. செத்தவுகளைக் கூப்பிட்டு நடிச்சிருக்கீகளே, ஒங்களுக்கு என்ன பேரு வைக்கிறது?"

மாமனார் எழுந்து உள்ளே போய்விட்டார். சேலை கடைக்குப் போகவில்லை.

மாசியில் படைப்பு வந்தது. மாமனார் ஒவ்வொரு பேராகக் கூப்பிட்டுக்கொண்டே வந்தார். கடைசிச் சேலைக்கு முன்னால் குரல் நின்றுவிட்டது. பங்காளிகள் அத்தனை பேரும் பார்த்துக்கொண்டிருந்தார்கள். இந்தத் தடவை காமிரா இல்லையே!

"கூப்பிடுங்க மாமா" என்றேன். கூப்பிட்டார். சத்தம் எழும்பவே இல்லை. "கேக்கல" என்றேன். மறுபடி கூப்பிட்டார்.

படைத்த சேலைகளை வீட்டுப் பெண்கள் எடுத்துக் கட்டிக்கொள்வது வழக்கம். நான் முந்தி, நீ முந்தி என்று எடுத்தார்கள். ஆச்சியின் சேலையை மட்டும் ஒருத்தியும் தொடவில்லை. சீ, என்ன ஜென்மங்கள்!

நான் எடுத்துக் கட்டிக்கொண்டு வந்தேன். அந்தச் சேலையோடுதான் அன்றைக்குப் பந்தி முழுக்கச் சோறு போட்டேன். முதல் கரண்டி மாமனாருக்கு. சேலையை ஒருதரம் பார்த்துவிட்டு, குனிந்து சாப்பிட்டார்.