தண்ணீர்க் குழுவுக்கு வந்த எமுலேற்றர்

1

இந்தக் கதை விமலேஸ்வரி அக்கா என்னிடம் கேட்டதிலிருந்து வந்தது: "தண்ணி முறை பாக்க ஏன் தம்பி அந்த இணைப்பு என்ரை மெசேச் எல்லாம் வாசிக்கக் கேட்டது? நான் ஓம் எண்டு குடுத்திட்டன்."

முதல் தொடக்கம்: இரணைமடுக் குளத்தின் மேல் சூரியன்…

(அடித்துவிட்டேன். இந்தக் கதையில் எவரும் குளத்தைப் பார்ப்பதில்லை. போனைப் பார்க்கிறார்கள்.)

2

ஜெயந்தன் எங்கள் கமக்காரர் அமைப்பின் செயலாளர். யாருடைய வயலுக்கு எப்போது தண்ணீர் என்று வட்ஸ்அப் குழுவில் அறிவிப்பவன். அவன் இணைப்பு அனுப்பினால் யாரும் யோசிப்பதில்லை, உடனே விரலால் அமத்துவார்கள்.

புதுக் கொன்சோல் விளையாட்டைப் போனில் ஆட, கொன்சோல்போல நடிக்கும் செயலியான எமுலேற்றர் ஒன்றைத் தேடினான். கிடைத்தது. இணைப்பைப் பத்துப் பேருக்கு அனுப்பினால்தான் திறக்கும் என்றது. பத்துப் பேரைத் தெரிவுசெய்ய அலுப்பு. குழுவுக்கே அனுப்பினான்.

3

மனைவி சாரங்கா எட்டிப் பார்த்தாள்.

"ரீவியிலை பூட்டுற புதுக் கொன்சோல், உங்கடை கண்ணாடி வெடிச்ச போனுக்குள்ளை ஓடுமே?"

"எமுலேற்றர் எண்டால் ஓடும்."

"விளையாட்டுக்கு ஏன் உங்கடை மெசேச் வாசிக்கக் கேக்குது? பாங்க் அனுப்புற ரகசிய நம்பரும் அதுக்குள்ளைதானே."

அவன் உடனே அதைத் தன் போனிலிருந்து அழித்தான்.

(நல்ல எமுலேற்றர் பழைய கொன்சோல்களைத்தான் ஒழுங்காக ஓட்டும். செய்தவர்களின் சொந்த இணையப் பக்கத்திலிருந்து எடுங்கள். நிரலை எவரும் பார்க்கலாம் என்று திறந்து வைத்திருப்பார்கள். பத்துப் பேருக்கு அனுப்பச் சொல்லாது. இந்தப் பந்தி கதைக்குத் தேவையில்லை என்றார் ஒரு நண்பர். அவரும் அந்த இணைப்பை அமத்தியவர்.)

4

குழுவில் எழுதினான்: "நான் அனுப்பின இணைப்பு பொய். அழியுங்கோ."

"இதுதான் பொய். ஆரோ ஜெயந்தன்ரை பேரிலை எழுதுறான்" என்று பதில் வந்தது.

(குரலில் சொல்லலாமே என்பீர்கள். சொன்னான். இப்ப குரலையும் போலியாச் செய்யினமாம் என்றார்கள்.)

விமலேஸ்வரி அக்கா எழுதினா: "நீ ஜெயந்தன் எண்டால் சொல்லு. போன போகம் என்ரை வாய்க்காலை ஆர் அடைச்சது?"

அவனுக்குத் தெரியும், அவாவுக்குத்தான் இன்னும் சொல்லவில்லை. பக்கத்து வயல் மயில்வாகனம். அவரும் குழுவில் இருக்கிறார். சொன்னால் இரண்டு வயல்காரரின் உறவும் முறியும். சொல்லாவிட்டால் ஊரின் போன்களெல்லாம் யாரோ ஒருவன் கையில்.

5

முடிவு ஒன்று: சொல்கிறான். (அடுத்த கூட்டத்தில் கதிரை பறக்கும். வேண்டாம்.)

முடிவு இரண்டு: மோட்டார் சைக்கிளில் வீடு வீடாகப் போய்… (மழை பெய்ய வைத்தேன். மோட்டார் சைக்கிள் சேற்றில் புதைந்துவிட்டது.)

முடிவு மூன்று: 'ஜெயந்தன் எழுதுகிறார்' என்று திரை காட்டியது. மறைந்தது. மறுபடி காட்டியது. மறைந்தது. அப்போது மயில்வாகனம் எழுதினார்:

"நான்தான் அடைச்சனான். இவ்வளவு நேரம் சொல்லாமல் முழுசுறவன் ஜெயந்தன்தான். எல்லாரும் அழியுங்கோ."

எல்லோரும் அழித்தார்கள்.

இப்போது விமலேஸ்வரி அக்கா எழுதிக்கொண்டிருக்கிறா. நெடுநேரமாக.

அவா எழுதுவதை நான் எழுதப்போவதில்லை. நீங்கள் எழுதுங்கள். மயில்வாகனம் வாசிப்பார், பார்த்து எழுதுங்கள்.