நூற்று எழுபத்தொன்பது மாதம்

இதைச் சொன்னவர்கள் இரண்டு பேர், கணவனும் மனைவியும். ஒரே வீட்டில் அத்தனை வருடம் சேர்ந்து இருந்தவர்கள்தான், ஆனாலும் அந்த நாளை ஆளுக்கு ஒரு விதமாகச் சொன்னார்கள். வங்கியிலிருந்து நேராக வீட்டுக்கு வந்ததாக அவர் சொன்னார். இல்லை, விளக்குப் போடும் வரை ஆளைக் காணவில்லை என்றாள் மனைவி. அன்று மழை பெய்ததா என்பதில்கூட அவர்களுக்குள் ஒத்துப்போகவில்லை. எது யார் சொன்னது என்று இப்போது பிரித்தெடுக்க முடியாது. நடுவில் இட்டு நிரப்பியதும் கொஞ்சம் இருக்கலாம். எண்கள் மட்டும் சரி. எண்களில் இரண்டு பேருக்கும் பேச்சு வித்தியாசம் இருந்ததில்லை.

அவர் டைல்ஸ் ஒட்டுகிறவர். கூட வேலை பார்ப்பவர்கள் ‘ரசமட்டம்’ என்றுதான் கூப்பிடுவார்கள். தரையில் ஒரு நூல் அளவு ஏற்றம் இருந்தாலும் கண்ணாலேயே சொல்லிவிடுவார், மட்டம் பார்க்கும் ரசமட்டக் கருவியை அதற்குப் பிறகுதான் வைப்பார்கள். இருபத்தெட்டு வருடம் அடுத்தவர் வீட்டுத் தரையில் முட்டி போட்டதில், ஐம்பத்திரண்டு வயதில் இரண்டு முட்டிகளும் தேய்ந்துவிட்டன. படிக்கட்டில் ஒவ்வொரு படிக்கும் கைப்பிடியைப் பிடித்து நின்று மூச்சு விட்டார். டாக்டர் எக்ஸ்ரே படத்தை வெளிச்சத்தில் பிடித்துக் காட்டி, முட்டி போடுகிற வேலையை இன்றோடு விட்டுவிட வேண்டும், இல்லையென்றால் நடையும் போகும் என்று சொல்லிவிட்டார். “முட்டி போடாம தரை எப்படிங்க போடுறது? கூரையிலதான் ஒட்டணும்,” என்றார் இவர். டாக்டர் சிரிக்கவில்லை.

வீட்டில் சொல்லவில்லை. சொல்வதற்கு முன்னால் ஒரு கணக்கு முடிய வேண்டியிருந்தது. பதினோரு வருடத்துக்கு முன், இரண்டு அறையும் ஒரு சமையலறையும் உள்ள அந்த வீட்டை வாங்க வங்கியில் இருபது லட்சம் கடன் எடுத்திருந்தார்கள். இருபது வருடம், இருநூற்று நாற்பது தவணை, மாதம் பதினேழாயிரத்து முந்நூற்று ஐம்பத்தாறு. குடி வந்த அன்றே துணி அலமாரிக் கதவின் உள்பக்கம் இருநூற்று நாற்பது கட்டம் வரைந்தார். டைல்ஸ் அறுக்க அளவெடுக்கும் மூலைமட்டத்தை வைத்து, பென்சிலால், எல்லாம் ஒரே அளவு. தவணை கட்டிய அன்று ஒரு கட்டத்தில் குறுக்குக் கோடு போடுவார். மகள் சின்னவளாக இருந்தபோது அவளைத் தூக்கிப் பிடித்துக்கொண்டு போட வைப்பார். ஒரு மாதமும் தவறியதில்லை. வேலை இல்லாத மாதங்களிலும், மேஸ்திரி கூலியை இழுத்தடித்த மாதங்களிலும், எங்கேயாவது புரட்டிக் கட்டிவிட்டுத்தான் சாப்பிட உட்கார்ந்தார்.

நூற்று முப்பத்திரண்டு கட்டத்தில் கோடு விழுந்திருந்தது. மிச்சம் நூற்றெட்டு. பாதிக்கு மேல் முடிந்த தரை. அப்படியானால் இருபது லட்சத்தில் ஒன்பது லட்சம் இருக்கும், பத்தே கூட இருக்கட்டும். அதற்குத் தவணையைக் குறைத்துக் கேட்டு, மனைவியின் சம்பளத்தை வைத்து ஓட்டிவிட்டால், தரையை விட்டு எழுந்துவிடலாம். அவள் ஒரு மருத்துவமனையின் சலவைப் பிரிவில் பதினைந்து வருடமாக இருந்தாள். வங்கிக்குப் போகும்போது அவர் மனதில் இருந்தது அவ்வளவுதான். எழுந்துவிடலாம்.

கடன் பிரிவில் இருந்த பெண்ணுக்கு மிஞ்சிப்போனால் இருபத்தைந்து வயது இருக்கும். மரியாதையாக உட்காரச் சொல்லி, எண்ணைத் தட்டிப் பார்த்து, ஒரு தாளை அச்செடுத்து அவர் பக்கம் திருப்பி வைத்தாள். அசல் பாக்கி பதினாறு லட்சத்துப் பத்தாயிரம். அவர் முதலில் மேலே இருந்த பெயரைப் பார்த்தார். பெயர் அவருடையதுதான். விலாசமும் அதுதான். கண்ணாடியைக் கழற்றிச் சட்டை நுனியில் துடைத்துக்கொண்டு திரும்பவும் படித்தார். இதுவரை கட்டியது இருபத்திரண்டு லட்சத்துத் தொண்ணூறாயிரம் என்று அதே தாளில் இன்னோர் இடத்தில் இருந்தது. வாங்கியதைவிட அதிகமாகக் கட்டியாகிவிட்டது. கடனில் குறைந்திருந்தது நாலு லட்சம்கூட இல்லை.

“தரையில பாதி ஒட்டினா பாதிதானேம்மா மிச்சம் இருக்கும்?” என்று கேட்டார்.

அவளுக்கு அது புரிய ஒரு நிமிடம் ஆயிற்று. “கடன் அப்படி இல்ல சார். நீங்க கட்டுறதுல மொதல்ல அந்த மாச வட்டிய எடுத்துக்குவாங்க. மிச்சம் இருக்கிறதுதான் அசலுக்குப் போகும். ஆரம்பத்துல வட்டிக்கே சரியாப் போயிடும்.”

“அப்ப இத்தன வருஷமா நான் என்னத்த ஒட்டினேன்?”

அவள் தாளின் கடைசி வரியை மட்டும் பேனாவால் தொட்டுக் காட்டினாள். மீதித் தவணைகள்: நூற்று எழுபத்தொன்பது.

இங்கேதான் அவருக்குக் கொஞ்சம் தைரியம் வந்தது. இது தப்பு, தன்னிடம் கணக்கு இருக்கிறது, நூற்றெட்டுதான், கதவில் வரைந்து வைத்திருக்கிறேன் என்றார். பக்கத்து மேசைக்காரர் திரும்பிப் பார்த்தார். அந்தப் பெண் கடன் கோப்பை எடுத்துவரச் சொல்லி, பொறுமையாகப் பக்கம் புரட்டினாள். எட்டு வருடத்துக்கு முன் வட்டி ஏறியிருக்கிறது. வீட்டுக்குக் கடிதம் போயிருக்கிறது. தவணையை ஆயிரத்து எழுநூற்று முப்பத்தேழு கூட்டிக் கட்டினால் பழைய தேதியிலேயே முடியும், தவணை அப்படியே இருக்கட்டும் என்றால் மாதங்கள் கூடும், இரண்டில் ஒன்றைச் சொல்லுங்கள் என்று கேட்டிருக்கிறார்கள். கடன் இரண்டு பேர் பெயரில் இருந்ததால் ஒருவர் கையெழுத்தே போதும்.

“தவணைய ஏத்த வேணாம்னு நீங்கதான் சார் எழுதிக் குடுத்திருக்கீங்க,” என்று படிவத்தைத் திருப்பினாள்.

கையெழுத்து அவர் மனைவியுடையது. ஒவ்வோர் எழுத்தையும் தனித்தனியாக நிறுத்தி, கடைசியில் ஒரு புள்ளி வைக்கிற கையெழுத்து. அவர் வெகுநேரம் அதையே பார்த்துக்கொண்டிருந்தார். பிறகு, “ஆமாம்மா. நாங்கதான் குடுத்தோம். மறந்துட்டேன்,” என்றார்.

தாளை நாலாக மடித்துச் சட்டைப்பையில் வைத்துக்கொண்டு வெளியே வந்தார். நூற்று எழுபத்தொன்பது மாதம் என்றால் பதினைந்து வருடம். ஐம்பத்திரண்டும் பதினைந்தும் அறுபத்தேழு. நடக்க நடக்க இந்தக் கூட்டல் மட்டும் ஓடியது. அறுபத்தேழு வயதில் எந்த மேஸ்திரி கூப்பிடுவான்? பேருந்து நிறுத்தத்தில் உட்கார்ந்தார், பேருந்துகள் வந்து போயின. நேராக வீட்டுக்குப் போனேன் என்று பிற்பாடு அவர் சொன்னதற்குக் காரணம், அங்கே உட்கார்ந்திருந்தது அவர் கணக்கில் சேராமல் போனதாக இருக்கலாம்.

அதற்குப் பிறகு நாலு நாள் அவராக எதுவும் பேசவில்லை. கோபம் என்று சொல்ல முடியாது. கேட்டால் பதில் சொன்னார், சாப்பாடு போட்டால் சாப்பிட்டார், காலையில் வேலைக்குப் போனார். ஒரு புதுக் கட்டடத்தின் மூன்றாம் மாடியில் முட்டி போட்டு ஒட்டினார். இடைவேளையில் அடுத்து ஒட்டவிருந்த டைலின் முதுகில் பென்சிலால் பெருக்கிப் பார்த்தார். கூட்டிக் கட்டியிருந்தால் மொத்தமாக மூன்றரை லட்சம் அதிகம் ஆகியிருக்கும். கூட்டாததால் எழுபத்தொரு மாதம் நீண்டு, பன்னிரண்டு லட்சத்துக்கு மேல் ஆகிறது. எல்லாம் முடியும்போது இந்த இருபது லட்சத்துக்கு ஐம்பத்துநாலு லட்சம் கொடுத்திருப்பார். பிழை எங்கேயாவது இருக்கும் என்று மூன்று டைலில் எழுதிப் பார்த்தார். இல்லை. ஒட்டும்போது அந்த மூன்றும் அடியில் போய்விட்டன. யாரோ குடிவந்து அதன்மேல் நடக்கப்போகிறார்கள்.

ஐந்தாம் நாள் துணி ஊறவைக்க எடுத்தபோது சட்டைப்பையில் அந்தத் தாள் அவள் கையில் சிக்கியது. சலவைப் பிரிவில் பழகிய கை, எந்தப் பையையும் துழாவாமல் தண்ணீரில் போடாது. படித்துவிட்டு வந்து அவர் எதிரில் நின்றாள். அவர் காலை நீட்டி, சுவரில் சாய்ந்து உட்கார்ந்திருந்தார். இரண்டு முட்டியிலும் சூடு ஒத்திய ஈரம் காயவில்லை.

“கையெழுத்தையும் பார்த்துட்டீங்களா?”

“பார்த்தேன்.”

குழாயை மூடாமல் வந்திருந்தாள், வாளி நிரம்பி வழிகிற சத்தம் கேட்டது. இரண்டு பேரும் எழுந்து போகவில்லை.

“அப்ப நீங்க ஞாயித்துக்கெழமையும் வேலைக்குப் போயிட்டிருந்தீங்க,” என்றாள். “தவணை ஏறுதுன்னு சொன்னா இன்னும் ஒரு எடத்துல ஒத்துக்குவீங்க. ஏற்கெனவே எந்திரிக்கிறதுக்குச் சுவத்தப் பிடிக்கிறீங்க. நான் எப்படிங்க ஏத்தச் சொல்வேன்? மாசம் கொஞ்சம் நீளும்னாங்க. நீளட்டும்னுட்டேன்.”

“எவ்வளவு நீளும்னு கேட்டிருக்கலாமே.”

“கேக்கல. பயமா இருந்துச்சு.” கையிலிருந்த தாளை மடித்தாள், பிரித்தாள். “நீங்க கதவுல கோடு போடுறப்பல்லாம் நான் அடுப்படிக்குப் போயிடுவேன். அதையாவது கவனிச்சிருக்கீங்களா?”

அவர் கவனித்ததில்லை. எட்டு வருடத்தில் தொண்ணூற்றாறு தடவை அவள் அந்த அறையை விட்டுப் போயிருக்கிறாள். என்னிடம் சொல்லியிருக்கலாம் என்று சொல்ல வாயெடுத்தார். சொல்லியிருந்தால் தான் என்ன செய்திருப்போம் என்பது அவருக்கே தெரிந்திருந்ததால் நிறுத்திக்கொண்டார். ஆயிரத்து எழுநூறுக்காக இன்னொரு வீட்டுத் தரையில் முட்டி போட்டிருப்பார். முட்டிகள் எட்டு வருடம் முன்னாலேயே போயிருக்கும். அந்தச் செலவை எந்த டைலின் முதுகில் எழுதிப் பார்ப்பது? டாக்டர் சொன்னதை அப்போதுதான் அவளிடம் சொன்னார். அவள் கீழே உட்கார்ந்து அவர் முட்டிமேல் கையை வைத்தாள். அழுதாளா என்று அவரும் சொல்லவில்லை, அவளும் சொல்லவில்லை.

வீட்டை விற்றுவிடலாம் என்றாள் மகள். பன்னிரண்டாம் வகுப்பு முடிக்கிற வயது. அவர்களுக்குத் தோன்றியும் வாயால் சொல்லாததை அவள்தான் சொன்னாள். தரகர் வந்து, சுவரைத் தட்டி, உதட்டைப் பிதுக்கினார். தரை மட்டும் அருமை, மற்றதெல்லாம் பழசு என்றார். அவர் சொன்ன விலையில் கடனைக் கழித்தால் மூன்று வருட வாடகைக்குத் தேறும். “நாலாவது வருஷம்?” என்று கேட்டாள் அம்மா. மகள் புத்தகத்தை எடுத்துக்கொண்டு உள்ளே போய்விட்டாள்.

இனிமேல் சுவர் வேலை மட்டும் செய்கிறேன், நின்றபடியே ஒட்டுகிற வேலையாகக் கொடுங்கள் என்று மேஸ்திரியிடம் கேட்டார். மேஸ்திரி கெட்ட மனுஷன் இல்லை, வாய் மட்டும் கொஞ்சம் நீளம். “சரிப்பா ரசமட்டம், மேல நீ ஒட்டுவ. கீழ மூணு வரிசைய யாரு, காத்து வந்து ஒட்டுமா?” என்றார். கூட ஒரு ஆளைப் போட்டால் கூலியில் பாதி அவனுக்குப் போகும், அது அவள் மருத்துவமனைச் சம்பளத்தைவிட அதிகம். பாதியில் தவணை நிற்காது. வீட்டுக்கு வந்து இதைச் சொன்னபோது அவர் குரலில் ஒன்றுமே இல்லை. நாளைக்கு அரிசி வாங்க வேண்டும் என்பது போலச் சொன்னார்.

“நான் வரேன்,” என்றாள் அவள்.

“நீ வந்து?”

“பதினஞ்சு வருஷமா ஆஸ்பத்திரித் துணி பிழியறேன். நனஞ்ச போர்வை கனம் உங்க டைல்ல இருக்கா?”

அவர் வேண்டாம் என்று சொல்லியிருக்க வேண்டும். பிற்பாடு இதையெல்லாம் சொன்னபோது இந்த இடத்தில் மட்டும் அவர் பார்வை ஜன்னல் பக்கம் போனது. என் முட்டிக்குப் பதிலாக உன் முட்டியா என்று கேட்க நினைத்ததாகவும் நாக்கு எழவில்லை என்றும் சொன்னார். இரண்டு நாள் யோசித்தார். வேறு வழி எதுவும் வந்து நிற்கவில்லை. மாதம் முடிய ஒன்பது நாள் இருந்தது.

அவள் வேலையை விட்டாள். பதினைந்து வருடத்துக்குக் கையில் வந்தது ஒன்றரை லட்சம். அவளுடைய முதுமைக்கென்று இருந்தது அது ஒன்றுதான். அதை அப்படியே கொண்டுபோய் அசலில் கட்டினார்கள். கடன் பிரிவுப் பெண் தட்டிப் பார்த்துவிட்டு, முப்பத்துமூன்று மாதம் குறைகிறது என்றாள், இனி மிச்சம் நூற்று நாற்பத்தாறு. முன்பே வந்திருந்தால் இன்னும் குறைந்திருக்கும் என்று வாயில் வந்ததை அவள் விழுங்கிக்கொண்டது இரண்டு பேருக்கும் தெரிந்தது.

அதெல்லாம் நடந்து வருடங்கள் ஆகிவிட்டன. அந்தப் பெண் மாற்றலாகி வேறு ஊருக்குப் போய்விட்டாள். மகள் படிக்க நினைத்ததைப் படிக்கவில்லை. ஒரு வருடப் படிப்பு முடித்து மருந்துக் கடையில் கணக்கெழுதுகிறாள், தவணையில் ஒரு கைபேசிகூட வாங்க மாட்டேன் என்கிறாள். அலமாரிக் கதவில் புதுக் கட்டம் யாரும் வரையவில்லை. வட்டி நடுவில் ஒருமுறை இறங்கி, இரண்டு முறை ஏறியது. இப்போது கடிதம் வந்தால் இரண்டு பேரும் சேர்ந்து உட்கார்ந்து பிரிக்கிறார்கள். வீடு இன்னும் வங்கியில்தான் இருக்கிறது. அவர் படி இறங்கும்போது பக்கவாட்டில் திரும்பி இறங்குகிறார். அவளுக்கும் காலையில் எழுந்ததும் சுவர் தேவைப்படுகிறது.

வேலை இருக்கிற நாளில் இரண்டு பேரும் ஒன்றாகக் கிளம்புகிறார்கள். யாரோ ஒருவருடைய குளியலறைச் சுவரில் அவர் நூல் கட்டிவிட்டுத் தள்ளி நிற்கிறார். கீழ் வரிசை பிடிக்காமல் மேலே ஒன்றும் ஒட்ட முடியாது. அவர் கையில் டைலை வைத்துக்கொண்டு காத்திருக்க, அவள் ஒரு பழைய துணியை நாலாக மடித்து, முட்டிக்கு அடியில் வைத்து, சுவரைப் பார்த்து மெதுவாகக் கீழே இறங்குகிறாள்.