பதினெட்டு டன் காற்று

1

தோள்பட்டை வலிக்கிறது. வலது கையைத் தூக்கித் தலை சீவ முடியவில்லை. இந்தக் கதை அந்த வலியிலிருந்து வந்தது. உயர்ந்த காரணம் வேறு எதுவும் இல்லை. முந்தாநாள் அமாவாசை. பழவேற்காடு ஏரியின் சேற்றில் உட்கார்ந்துவிட்ட ஒரு கவச வண்டியைக் கோட்டைக்குப்பத்து ஆம்பளைங்க எல்லாரும் கயிறு கட்டி இழுத்தோம். பதினெட்டு டன். அசையவே இல்லை.

எப்படித் தொடங்குவது என்று பார்த்துவிட்டேன்.

‘விடியலின் பொன்னொளியில் இரும்பு மிருகம் ஒன்று ஏரியிலிருந்து எழுந்து —’ எழவில்லை. அதுதானே பிரச்சினை.

‘போர் என்பது மனிதகுலத்தின் —’ இங்கே போர் எதுவும் நடக்கவில்லை. ஒரு கம்பெனி, தான் செய்த வண்டி மிதக்கிறதா என்று பார்க்க வந்தது. அவ்வளவுதான். மிதந்தது. அதுவரை எல்லாம் சரி.

2

கொஞ்சம் வரலாறு சொல்லியாக வேண்டும். பொறுத்துக்கொள்ளுங்கள், நானும் பொறுத்துக்கொண்டுதான் படித்தேன்.

1916-இல் இங்கிலாந்துக்காரர்கள் முதல் டாங்கியைப் போர்க்களத்தில் இறக்கினார்கள். அதைச் செய்வதில் முன்னால் நின்றவர்களில் கடற்படைக்காரர்கள் பலர். ‘நிலத்துக் கப்பல்’ என்றே பேசிக்கொண்டார்கள். இறக்கியதில் பலதும் வழியிலேயே நின்றுபோயின: சில எஞ்சின் கோளாறில், சில குழியிலும் சேற்றிலும். அடுத்த வருடம் வண்டியின் கூரைமேல் ஒரு பெரிய மரக்கட்டையை ஏற்றிவிட்டார்கள். சிக்கினால் கட்டையைச் சங்கிலிப் பட்டையோடு பிணைக்க வேண்டும். பட்டை சுற்றும்போது கட்டை அடியில் போய் முட்டுக்கொடுக்கும். வண்டி அதன்மேல் ஏறி வெளியே வரும்.

(இதைப் படித்ததும் எனக்குக் கை துறுதுறுத்தது. எங்கள் ஊர்ப் பெரியவர் ஒருவர் சவுக்குக் கட்டையோடு வந்து, படித்த எஞ்சினியர்களைத் தலைகுனிய வைத்து, வண்டியை மீட்கிறார் என்று இரண்டு பக்கம் எழுதினேன். கிழித்துவிட்டேன். சவுக்குக் கட்டை வைத்துப் பார்த்தது உண்மை. முறிந்துபோனது.)

அன்றிலிருந்து இந்த வண்டிகளைச் செய்கிறவர்களுக்கு ஒரே தலைவலிதான். தகடு தடித்தால் குண்டு துளைக்காது, வண்டி ஓடாது. தகடு மெலிந்தால் ஓடும், துளைக்கும். பெரிய பீரங்கி வைத்தால் பாரம் இன்னும் ஏறும். இந்தக் கூத்தில் அது மிதக்கவும் வேண்டும் என்றால்? இரண்டாம் உலகப் போரில் டாங்கியைச் சுற்றிப் படுதாவைத் தூக்கிக் கட்டி, படகு மாதிரி கடலில் விட்டார்கள். அலை கூடுதலாக இருந்த ஒரு கரையில் விட்டவற்றில் பெரும்பாலானவை அடியில் போயின.

பட்டை போட்ட டாங்கி நாற்பது டன் இருந்தாலும் பாரம் அகலமாகப் பரவும். மண்ணை அது அழுத்துவதும் நாம் நடக்கும்போது ஒற்றைக் காலால் அழுத்துவதும் ஏறக்குறைய ஒன்றுதான். எங்கள் ஏரிக்கு வந்தது எட்டுச் சக்கர வண்டி. ரோட்டில் பறக்கும். சேற்றில் சக்கரம் சக்கரம்தான்.

3

இப்போது கோதண்டம் அண்ணன். இவரை எழுதுவதுதான் பெரிய பேஜார், ஏனென்றால் கதைக்குத் தேவையான எதையும் இவர் பேச மாட்டார்.

அன்றைக்கு அவருடைய பாடு.*

* பாடு என்றால் முறை. முகத்துவாரத்துப் பக்கம் இறால் வரும் வாய்க்கால் ஒன்று. வலை கட்ட உரிமை உள்ள வீடுகள் நிறைய. அதனால் நாளுக்கு ஒரு வீடு, சுற்றி வரும். யார் பாடு அமாவாசையில் விழுகிறதோ அவருக்கு யோகம். அன்றைக்கு ஏரித் தண்ணீர் வேகமாக வற்றி இறங்கும், இறாலும் கூடவே இறங்கும்.

அண்ணனுக்கு அமாவாசை விழுந்து ரெண்டு வருசம் ஆயிற்று. அவருடைய வலை இப்போது வலை இல்லை, ஒட்டுகளின் கூட்டம். இந்த ஒரு நாள் இறாலை நம்பித்தான் புது வலைக்குச் சொல்லி வைத்திருந்தார்.

வண்டி காலையில் ஏறு தண்ணீரில் வந்தது. அழகாகவே மிதந்தது. பிள்ளைகள் கைதட்டின. கம்பெனி எஞ்சினியர் லோகேஷ் எல்லாருக்கும் டீ வாங்கிக் கொடுத்தார். படம் பிடித்துக்கொண்டே இருந்தார்கள். தண்ணீர் இறங்கியது. வண்டி வாய்க்காலின் நடுவில், வலைக்கழி ஊன்றும் இடத்திலேயே, உட்கார்ந்தது.

லோகேஷ் நல்ல பையன். பதற்றத்தில் என்ன பேசுவது என்று தெரியாமல் வண்டியின் பெருமையைச் சொல்லிக்கொண்டிருந்தார். “அடிப்பாகம் படகு மாதிரி கூர்மையா இருக்கு பாருங்க. கீழ கண்ணிவெடி வெடிச்சா வேகம் ரெண்டு பக்கமும் செதறிடும். உள்ள இருக்கறவங்களுக்கு ஒன்னும் ஆகாது.”

இந்த இடத்தில் அண்ணன், ‘வெளிய இருக்கறவனுக்கு?’ என்று கேட்டிருக்க வேண்டும். எப்பேர்ப்பட்ட வசனம்! கேட்கவில்லை. அவர் கேட்டது: “இது எப்ப போவும் சார்?”

“இழுத்தா வந்துடும்ணா.”

இழுத்தோம். அண்ணனும் இழுத்தார், முதல் ஆளாக. புரொப்பல்லர் சுற்றிச் சேற்றை வாரி எங்கள் மூஞ்சியில் அடித்தது. அவர் மனைவி வேலம்மா அண்ணி கரையில் நின்று, “இறாலுக்குப் போன ஆளு எருமைய இழுத்துனு நிக்குது பாரு” என்று கத்தினாள். இறங்கு தண்ணீர் முழுக்க இப்படியே போயிற்று, இறாலும் கூடவே போயிற்று. பிறகு ஏரியில் தண்ணீர் ஏறியது. வண்டி, எங்கள் உதவி எதுவும் இல்லாமல், தானே மிதந்து போயிற்று.

4

நேற்று ஊர்க்கூட்டம். கட்டுப்பாடு இதுதான்: காற்றாலோ மழையாலோ பாடு கெட்டால் திருப்பித் தருவதில்லை. ஆள் குறுக்கே வந்து கெடுத்தால் ஊர் அதே மாதிரி இன்னொரு நாள் தர வேண்டும், அமாவாசைக்கு அமாவாசை.

தலைவர் தினகரன் தொண்டையைச் செருமினார். “சரி, இந்த வண்டி இன்னா? காத்தா, ஆளா?”

“காத்துதான்,” என்றான் ஒருவன். “நம்ம கூப்டோமா? அதுவா வந்துச்சு, அதுவா போச்சு.”

சிரித்தார்கள். கூட்டத்தில் பெண்கள் உட்காருவதில்லை. வேலம்மா அண்ணி வேலிக்கு வெளியே நின்றிருந்தாள்.

“காத்துக்கு எட்டு சக்கரம் இருக்குதாடா?”

“யக்கா, கூட்டம் நடக்குது.”

“நடக்கட்டும். காத்துன்னா எதுக்குடா கயிறு கட்டி இழுத்தீங்க? புயலடிச்சா புயலுக்கும் கயிறு கட்டுவீங்களா?”

கூட்டம் காற்று என்பதிலேயே நின்றது. ஏன் என்று கரையில் எல்லாருக்கும் தெரியும். அண்ணனுக்கு அடுத்த அமாவாசையைக் கொடுத்தால், அதற்குப் பின்னால் இருக்கிற எல்லார் பாடும் ஒரு நாள் தள்ளும். இப்போது அந்த அமாவாசையை வைத்திருக்கிறவன் அதை இழப்பான்.

வைத்திருக்கிறவன் நான்.

அண்ணி என்னைப் பார்த்தாள். “தமிழ்வாணா, நீ எழுதற ஆளாச்சே. ஒரு வார்த்த சொல்லு.”

“வெள்ளிக்கெழம கூட்டத்துல பேசிக்கலாம் அண்ணி” என்றேன். அண்ணன் சரி என்று தலையை ஆட்டினார். அவருக்கு என்மேல் கோபம்கூட இல்லை. அதுதான் எரிச்சலாக இருக்கிறது.

5

முடிவுகள்.

ஒன்று: கம்பெனி புது வலை வாங்கித் தருகிறது. லோகேஷ் போன் எடுத்தார், பாவம், வருத்தப்பட்டார், மேலே பேசுவதாகச் சொன்னார். மேலே என்பது எவ்வளவு மேலே என்று அவருக்கே தெரியவில்லை. இந்த முடிவை நம்பி எழுத முடியாது.

இரண்டு: அடுத்த அமாவாசையில் வலை நிறைய இறால், அண்ணன் கண்ணில் நீர் மல்க — சீ.

மூன்று: நான் எழுந்து நின்று ‘வண்டி காத்து இல்ல, ஆளுதான்’ என்கிறேன். இதை எழுதப் பேனாகூட வேண்டாம், வாயைத் திறந்தால் போதும். நான்கு தடவை எழுதினேன். நான்கிலும் தமிழ்வாணன் என்கிற பாத்திரம் நம்பும்படியாக இல்லை. அவனுக்கும் ஓட்டை வலைதான், அவன் வீட்டிலும் சோறு பொங்க வேண்டும், அவன் எழுந்திருப்பானா? உங்களுக்கு என்ன தோன்றுகிறது?

முடிவு வாசகர் கையில் என்று எழுதிவிட்டுப் போகலாம். ஆனால் உங்கள் கையில் பாடு இல்லையே. இருப்பது என் கையில். அதனால் உங்களிடம் கணக்கை மட்டும் சொல்கிறேன்.

கோதண்டம் அண்ணனுக்கு ஒரு அமாவாசைப் பாடு தர வேண்டியிருக்கிறது. தர வேண்டியவன் நான். இன்னும் தரவில்லை.