வெட்டி எடுத்த மௌனம்

அப்பாவின் வாயில் வார்த்தை நின்றுபோன இடங்களையெல்லாம் வெட்டி எறிந்தது அவள்தான். அதுதான் அவளுக்கு வேலை. புத்தகங்களை வாசித்துப் பதிவு செய்கிற ஒலிக்கூடத்தில் அவள் தொகுப்பாளர். வாசிப்பவர் இருமினால், நாக்குத் தடுமாறினால், பக்கம் புரட்டினால், எச்சில் விழுங்கினால், எல்லாவற்றையும் நறுக்கிவிட்டு, மனிதர் ஒரே மூச்சில் பேசியதுபோல ஒட்டிக் கொடுக்க வேண்டும். ஒலிக்கூடத்தில் அவளை எல்லோரும் கத்தரி என்றுதான் கூப்பிடுவார்கள். பெயர் வைத்தவர் அப்பா.

அப்பாவுக்கு வாசிப்பதுதான் பிழைப்பு. சும்மா சொல்லக்கூடாது, குரல் என்றால் அது குரல். அந்த மனிதர் மின்சாரம் நிறுத்தப்படும் அறிவிப்பைப் படித்தால்கூட நாலு பேர் உட்கார்ந்து கேட்பார்கள். அம்மா போன பிறகு வீட்டில் அவரும் மகளும் மட்டும். அண்ணன் வேறு ஊரில் பாலம் கட்டுகிற வேலையில் இருந்தான். காலையில் இருவரும் ஒரே பேருந்தில் போவார்கள். பதிவறைக் கண்ணாடிக்கு அந்தப் பக்கம் அவர், இந்தப் பக்கம் அவள். இருவருக்கும் நடுவே ஒரு விஷயத்தில் மட்டும் வாக்குவாதமே கிடையாது: அவள் காது சொன்னால் சொன்னதுதான். தன் காதைத் தானே நம்பக்கூடாது, தன் குரல் தனக்கு எப்போதும் நன்றாகத்தான் கேட்கும் என்பார் அப்பா. சரியாக வாசித்தேன் என்று அவர் சாதித்த வரியை அவள் ‘இல்லை’ என்றால், மறுபேச்சில்லாமல் திரும்ப வாசிப்பார்.

ஒருநாள் பதிப்பாளர் ஒரு கட்டுப் புத்தகங்களோடு வந்து சேர்ந்தார். அவருக்கு மலைப் பைத்தியம். மாடிப்படி ஏறினாலே இரைக்கிற உடம்பு, வாயைத் திறந்தால் சிகரம்தான். மலையையும் மௌனத்தையும் பற்றிய புத்தகங்கள், ஆனால் ஒவ்வொன்றும் ஒரு தினுசு. பனியில் அடைபட்ட விடுதியில் நடக்கும் கொலையைத் துப்பறியும் நாவல் ஒன்று. எதிரொலி தராத மலையைத் தேடிப் போகும் ஆட்டுக்குட்டியைப் பற்றிய சிறுவர் கதை ஒன்று. ஒரு பேய்க்கதை. மலையேறி ஒருவரின் பயண நூல். கடைசியாக, குகையில் தனியாக வாழ்ந்த ஒருவரின் சிந்தனைகள். எல்லாவற்றையும் ஒரே குரல் வாசிக்க வேண்டும், அதுவும் உங்கள் அப்பா குரல்தான் வேண்டும் என்று ஒற்றைக்காலில் நின்றார்.

அப்பாவுக்குத் தலைகால் புரியவில்லை. வயதான காலத்தில் இப்படியொரு வேலை யாருக்குக் கிடைக்கும்?

துப்பறியும் நாவலில்தான் முதலில் அது வந்தது. கொலைகாரன் எதைக் கொண்டு கழுத்தை நெரித்தான் என்ற இடம். ‘அவன் கையில் இருந்தது ஒரு’ என்று வாசித்துவிட்டு அப்பா நின்றார். கயிறு என்று அச்சடித்திருந்தது. சின்னக் குழந்தைக்குத் தெரிந்த சொல். கண்ணாடி வழியாக அவள் பார்த்தாள். அவர் உதடு கூம்பியபடி இருந்தது. நாற்காலி கிறீச்சிட்டது. அதற்குப் பிறகு ‘கயிறு’ என்றார். அடடா, என்ன பிடி பிடிக்கிறார் மனிதர் என்று அவள் பூரித்துப் போனாள். அந்த மௌனத்தை அப்படியே விட்டாள். புத்தகம் வெளியானதும் கேட்டவர்கள் எல்லோரும் அந்த இடத்தைத்தான் சொன்னார்கள். நெஞ்சு நின்றுவிட்டதாம்.

சிறுவர் கதையில் அதெல்லாம் செல்லாது. வாசிக்கிறவர் நின்றால் பிள்ளைகள் எழுந்து ஓடிவிடும். அதனால் அப்பா நின்ற இடங்களை அவள் மொத்தமாக வெட்டினாள். ஓரிடத்தில் ஆட்டுக்குட்டி என்பதற்குப் பதில் ‘அந்தச் சின்னது’ என்று வாசித்திருந்தார். அவளுக்குச் சிரிப்பு வந்தது. முந்தைய பக்கத்தில் அவர் சொன்ன ஆட்டுக்குட்டியைப் பிரதி எடுத்து இங்கே ஒட்டினாள். ஒட்டிய தடம் அவளுக்கே தெரியவில்லை. பேய்க்கதை வந்தது, கதவு திறந்த பிறகு அப்பா எவ்வளவு நேரம் நின்றாலும் பொருத்தம்தான். பயண நூலில் நின்றால் மலையேறி மூச்சு வாங்குகிறார் என்று கொள்ளலாம். இப்படி ஒவ்வொரு புத்தகமும் அவர் தடுமாற்றத்துக்கு ஒரு நல்ல பெயரைத் தந்துகொண்டே வந்தது. பொருந்தாததை அவள் கத்தரித்தாள். முழுப் பூசணிக்காயைச் சோற்றில் மறைக்க முடியாது என்பார்கள். கை தேர்ந்தவர்கள் மறைப்பார்கள், அதுவும் மறைக்கிறோம் என்று தெரியாமலே மறைப்பார்கள்.

பயண நூல் பாதியில் இருக்கும்போது அப்பா பதிவறையை விட்டு வெளியே வந்து அவள் பக்கத்தில் உட்கார்ந்தார். வழக்கமாக வெளியே வந்தால் தண்ணீர் கேட்பார், இல்லையென்றால் பதிப்பாளரைக் கிண்டல் செய்வார். அன்றைக்கு இரண்டும் இல்லை.

“ஒரு வார்த்தை வரமாட்டேங்குதும்மா,” என்றார். “எழுத்து கண்ணு முன்னாடி நிக்குது. என்னன்னும் தெரியுது. வாய்க்குத்தான் வரல. கொஞ்ச நாளாவே இப்படித்தான் இருக்கு.”

அவள் திரையிலிருந்து கண்ணை எடுக்கவில்லை. சிகரம் என்ற சொல்லைத் தேடிக்கொண்டிருந்தாள். அந்தப் புத்தகத்தில் அது எத்தனையோ இடத்தில் இருந்தது.

“பரவால்லப்பா. நான் ஒட்டிடுறேன்.”

அப்பா கொஞ்ச நேரம் அவள் கையையே பார்த்துக்கொண்டிருந்தார். பிறகு சிரித்தார். கத்தரி இருக்கப் பயமேன் என்று சொல்லிவிட்டு உள்ளே போய்க் காதில் கருவியை மாட்டிக்கொண்டார். அவளும் சிரித்தாள். பாவி, சிரித்தாள்.

தலைவலி வரத் தொடங்கியபோது மருத்துவரிடம் கூட்டிப்போனதும் அவள்தான். அதில் அவளைக் குறை சொல்ல முடியாது. மருத்துவர் நிதானமானவர். கண்ணில் விளக்கடித்துப் பார்த்தார், விரலை மூக்கில் தொடச் சொன்னார், நேர்கோட்டில் நடக்க வைத்தார். பிறகு, பேச்சில் தடுமாற்றம், வார்த்தை மறந்துபோவது, அப்படி ஏதாவது உண்டா என்று அப்பாவைக் கேட்டார்.

அப்பா மகளைத் திரும்பிப் பார்த்தார்.

“அதெல்லாம் ஒண்ணும் இல்ல டாக்டர்,” என்றாள் அவள். “இவருக்கு வேலையே பேசறதுதான்.”

பொய் சொல்லவேண்டும் என்று அவள் சொல்லவில்லை. ராத்திரி பகலாக அவள் காதில் ஓடிக்கொண்டிருந்தது தொகுத்து முடித்த குரல். அந்தக் குரலில் ஒரு பிசிறு கிடையாது. அவளுக்கு அப்பா என்றால் அந்தக் குரல்தான். கைபேசியை எடுத்து மலையேறி பனிப்பாறையைத் தாண்டும் பகுதியைப் போட்டும் காட்டினாள். மருத்துவர் தலையாட்டிக்கொண்டே கேட்டார். இந்தப் புத்தகம் எங்கே கிடைக்கும் என்றுகூட விசாரித்தார். தலைவலிக்கு மாத்திரையும், மூக்குக் கண்ணாடியை மாற்றச் சொல்லி ஆலோசனையும் எழுதிக் கொடுத்தார். திரும்பும் வழியில் அப்பா உற்சாகமாக இருந்தார். நான்தான் வீணாகப் பயந்துவிட்டேன், உன் காதுக்குத் தப்புவது ஏதாவது உண்டா என்றார். மகள் இல்லை என்று சொன்னதால் அவருக்கும் இல்லை என்றாகிவிட்டது.

குகைவாசியின் சிந்தனைகளை வாசித்துக்கொண்டிருந்தபோது அப்பா பதிவறைக்குள் விழுந்தார். அந்தப் புத்தகத்தில் எவ்வளவு வேண்டுமானாலும் நிற்கலாம், யாரும் ஏனென்று கேட்கமாட்டார்கள். அவர் ரொம்ப நேரம் வாய் திறக்காமல் உட்கார்ந்திருந்தார். கண்ணாடிக்கு இந்தப் பக்கம் அவள், இந்த இடத்துக்கு இது அழகு என்று ரசித்துக்கொண்டிருந்தாள். நாற்காலி சாய்ந்த சத்தம் கேட்ட பிறகுதான் எழுந்து ஓடினாள்.

தலைக்குள் இடது பக்கம் கட்டி. பெரிய ஆஸ்பத்திரியின் அறுவை மருத்துவர் ஸ்கேன் படத்தை வெளிச்சத்தில் பிடித்துக் காட்டினார். பேச்சுக்கான இடத்தைச் சுற்றி அது வேர்விட்டிருந்தது. இனி கை வைக்க முடியாது என்றார். இது நேற்று முந்தாநாள் வந்தது இல்லை, ஆரம்பத்தில் பார்த்திருந்தால் எடுத்திருக்கலாம், பேச்சில் அறிகுறி கட்டாயம் தெரிந்திருக்குமே என்றும் சொன்னார். அவர் குற்றம் சாட்டும் குரலில் சொல்லவில்லை.

மறுநாள் அவள் ஒலிக்கூடத்துக்குப் போனாள். வெட்டியவற்றை அவர்கள் அழிப்பதில்லை. பதிப்பாளர் எப்போது எதைத் திரும்பக் கேட்பார் என்று சொல்ல முடியாது என்பதால் ஒரு மூலையில் போட்டு வைத்திருப்பார்கள். அப்பாவின் துண்டுகளை எடுத்து, புத்தக வரிசைப்படி ஒன்றன்பின் ஒன்றாக ஓடவிட்டாள். துப்பறியும் நாவலில் கொஞ்சம்தான். சிறுவர் கதையில் கூடுதல். பயண நூலுக்கு வந்தபோது மௌனங்கள் வளர்ந்துவிட்டிருந்தன. வெட்டும்போது வெறும் மௌனம் என்று நினைத்தாள். இப்போது சத்தத்தைக் கூட்டிவைத்துக் கேட்டால், அது மௌனமே இல்லை. அப்பா உள்ளே முணுமுணுத்துக்கொண்டிருந்தார். ‘வா... வா... வந்துடு...’ என்று, கட்டிலுக்கடியில் ஒளிந்துகொண்ட பிள்ளையைக் கூப்பிடுவதுபோல ஒவ்வொரு வார்த்தையையும் கூப்பிட்டுக்கொண்டிருந்தார். ஒரு துண்டில் அழுகையை அடக்குகிற சத்தம்கூட இருந்தது. அதை ‘மூக்கு உறிஞ்சல், நீக்கவும்’ என்று அவளே குறித்து வைத்திருந்தாள். மேசையில் தலையை வைத்து அவள் வாய்விட்டு அழுதாள். அந்த அறையிலிருந்து வெளியே சத்தம் போகாது.

பதிப்பாளர் வந்து ஆறுதல் சொன்னார். நல்ல மனிதர், ஆனால் நேரம் காலம் தெரியாது. பழைய பதிவுகளிலிருந்து வார்த்தைகளைப் பொறுக்கி மிச்சமிருக்கும் பக்கங்களை ஒட்டி முடிக்க முடியுமா, உன்னால் முடியாதது இல்லையே என்று மெதுவாகக் கேட்டார். முடியும் என்று அவளுக்குத் தெரியும். அதுதான் அவளைக் குலைநடுங்க வைத்தது.

அண்ணன் வந்து இறங்கியபோது அப்பாவுக்குப் பேச்சு அடியோடு நின்றிருந்தது. கண் திறந்திருக்கும், ஆட்களைத் தெரியும், கையைப் பிடித்தால் இறுக்குவார். அவ்வளவுதான். அண்ணன் முதலில் கட்டிலுக்குப் பக்கத்தில் நின்று அழுதான். அழுது முடித்ததும் அவனுக்குக் கோபம் வந்தது. பாலம் கட்டுகிறவன், எங்கே விரிசல் விட்டது, யார் முதலில் பார்த்திருக்க வேண்டும் என்று கேட்டே பழகியவன். முதலில் பார்த்த மருத்துவரைத் திட்டினான். ஒரு படம் எடுத்துப் பார்க்கத் தோன்றவில்லையா அந்த ஆளுக்கு, அவன்மேல் புகார் கொடுக்காமல் விடமாட்டேன் என்று குதித்தான். அவள் ஜன்னலைப் பார்த்தபடி கேட்டுக்கொண்டிருந்தாள். அந்த மருத்துவர் கேட்க வேண்டியதைக் கேட்டார் என்று சொல்ல வாய் வரவில்லை. பழி ஓரிடம், பாவம் ஓரிடம்.

பிறகு அண்ணன் தணிந்து அவள் பக்கத்தில் உட்கார்ந்தான். தோளில் கை வைத்தான்.

“உன்னத் தப்பா சொல்லல. நீதான் பொழுதன்னிக்கும் கூடவே இருந்த. அவர் ஏதாவது சொன்னாரா? வார்த்தை வரலன்னு, மறந்துபோகுதுன்னு... ஒரு தடவையாவது?”

சொல்லிவிடலாம். அண்ணன் கத்துவான், அறைந்தாலும் அறைவான், ஆனால் பாரம் இறங்கும். அவன் கை தோளில் இதமாக இருந்தது. இனி இந்த உலகத்தில் அவளுக்கென்று இருக்கப்போவது அவன் ஒருவன்தான்.

“இல்லண்ணா,” என்றாள். “ஒரு தடவகூடச் சொல்லல.”

கட்டிலில் அசைவு தெரிந்தது. அப்பா தலையைத் திருப்பியிருந்தார். உதடு கூம்பியது, விரிந்தது, திரும்பவும் கூம்பியது. அண்ணன் பாய்ந்துபோய் அவர் கையைப் பிடித்தான். அவள் இருந்த இடத்தைவிட்டு அசையவில்லை. அப்பா கண்ணை மூடிக்கொண்டு உள்ளே எதையோ கூப்பிட்டுக்கொண்டிருந்தார். அவளுக்கு மட்டும்தான் அது தெரிந்தது. வரக்கூடாது என்று அவள் மனது கும்பிட்டது. பெற்ற அப்பாவுக்கு ஒரு வார்த்தை வரக்கூடாது என்று.

“சொன்னேன்,” என்றார் அப்பா.

பிசிறில்லாத குரல். அத்தனை பேரையும் உட்கார வைத்துக் கேட்கச் செய்த அதே குரல்.

அண்ணனுக்குச் சந்தோஷம் தாங்கவில்லை. அப்பா பேசிட்டார், அப்பா பேசிட்டார் என்று கத்திக்கொண்டே செவிலியரைக் கூப்பிட வாசலுக்கு ஓடினான். கதவின் கைப்பிடியைப் பிடித்தவன் அப்படியே நின்றான். நின்று, மெல்லத் திரும்பித் தங்கையைப் பார்த்தான்.