பகலில் விளைந்த இரவு

பகலும் இரவும் ஒத்த அளவினவாய் நிற்கும் இலையுதிர்காலத் தொடக்கத்தில், கடல்நீர் நெடுந்தொலைவு பின்வாங்கும், ஆண்டுக்கு இருமுறையே வாய்க்கும் பெருவற்றம் வந்துற்ற ஒரு பிற்பகலில், பிரெத்தாஞ் என்னும் கடற்புறத்தின் கெர்வல் விரிகுடாவைக் கண்டவர் கடலை யாரோ களவாடிச் சென்றனர் என்றே கருதுவர். ஆண்டு முழுதும் நீரடியிற் கிடந்த மணல்வெளி, நெளிநெளியாய், ஈரம் உலராமல், அடிவானம் வரை விரிந்து மின்னிற்று. சாய்கதிர் பட்ட இடமெல்லாம் வெள்ளி உருகி ஓடினாற்போல் ஒளிர்ந்தது. முழங்கால் வரை நீள்காலணி மாட்டி, வாருகோலும் கூடையுமாய் இறங்கிய ஊர்மக்கள் மட்டி பொறுக்குவதில் முனைந்திருந்தனர். நீர் திரும்புமுன் கூடையை நிறைத்தாக வேண்டுமென்பதால் ஒருவரோடொருவர் பேசுவதையும் குறைத்துக்கொண்டனர்.

எனினும் அன்று அவர்கள் அடிக்கடி நிமிர்ந்து பார்க்க ஒரு காரணம் இருந்தது. மணலின் நடுவே முக்காலியில் படக்கருவி நிற்க, அதனருகே கழுத்தில் கம்பளித் துணியைச் சுற்றிக்கொண்டு, ஐம்பதை நெருங்கிய பெண்மணி ஒருவர் கதிரவனையே நோக்கி நின்றார். ஒளிப்பதிவாளர் மிரேய் லவோ அவர்தாம். காட்சியில் பட்டுவிடாமல் ஒதுங்கி நிற்குமாறு வேண்டப்பட்ட மட்டிக்காரப் பெண் ஒருத்தி, இங்கே என்ன நடக்கிறதென்று வினவி விடையும் பெற்றபின், அடுத்தவளிடம் சொன்னாள்:

"பகல்ல எடுத்துட்டு ராத்திரின்னு சொல்லப் போறாங்களாம். எங்க வீட்டுக்காரரும் அப்படித்தான். விடியக்காலையில வந்துட்டு, இன்னும் ராத்திரி எட்டு மணி ஆகலைம்பாரு."

மிரேயும் அதைக் கேட்டுச் சிரித்தார். ஆயினும் அவருடைய கண் கதிரவனை விட்டு அகலவில்லை.

இவ்வம்மையாரின் தொழில் வரலாற்றை ஈண்டுச் சிறிது கூறல் வேண்டும். வடபுலத்து நெசவாலை நகரொன்றிற் பிறந்து, பாரிசிற் படக்கலை பயின்று, முதன்மையாய்த் தேறி வெளிவந்த அவரைத் திரைப்படத்தார் எவரும் அழைக்கவில்லை. இத்துணைப் பாரமான படக்கருவியைப் பெண் சுமப்பாளோ என்பதே அந்நாளில் அவர்களுடைய கவலை. தொலைக்காட்சியோ ஆள் போதாமல் திண்டாடிக்கொண்டிருந்ததால் கேள்வியின்றி ஏற்றுக்கொண்டது. வழக்குமன்ற வாயில்களில் மழையில் நனைந்தும், மிதிவண்டிப் பந்தயத்தின்போது ஈருருளி உந்துவண்டியின் பின்னிருக்கையில் வீரர்களை நோக்கித் திரும்பி அமர்ந்து மலைச்சரிவுகளில் பறந்தும், பின்னர்த் துப்பறியும் தொடர்களில் இடுக்கமான அறைகளுக்குள் நெருக்குண்டும், இருபது ஆண்டுகள் அவர் படம்பிடித்தார். குகைவழி ஒன்றினுள் பந்தயம் நுழைந்து மறுபுறம் வெளிப்படும் கணத்தில் ஒளி எத்துணை மாறுமென்று அளவுகருவியைக் கேட்டுக்கொண்டிருக்க நேரமில்லையாதலால், அவருடைய விரல்களே அதனை அறிந்து கருவியில் ஒளி புகும் துளையைத் திருகக் கற்றுக்கொண்டன. இத்தனையும் கற்றவரைத் திரைப்படத்தார் தம் விருந்துகளில் 'டிவிக்காரி' என்றே குறிப்பிட்டனர்.

அவரைத் துணிந்து அழைத்தவர் எர்வே என்னும் இளம் இயக்குநர். அவர் சிறுவயதில் அப்பந்தயங்களைப் பார்த்து வளர்ந்தவர். கலங்கரை விளக்கக் காவலன் ஒருவனின் மனைவி, கணவனைத் தேடி நள்ளிரவில் வற்றிய கடலைக் கடந்து செல்வதே அவர் எடுக்கவிருந்த படத்தின் உயிர்நிலையான காட்சி. தயாரிப்பாளர் ஒக்தாவ் மொரோ கஞ்சரல்லர். பாரந்தூக்கிகளில் ஏற்றிய பெருவிளக்குகளைப் பாரிசிலிருந்து வரவழைத்து, உண்மையான இரவிலேயே அதனை எடுக்க விரும்பினார். மிரேய் மறுத்தார்.

"கடலுக்கு எந்த லைட்டும் பத்தாது, மொரோ. சூரியன் ஒண்ணுதான் அந்த அளவுக்குப் பெருசு. அதையே நிலாவா வெச்சுக்கறேன். சரியா வரலைன்னா மறுநாளே நான் பெட்டியைக் கட்டிடறேன்."

பெட்டி கட்டுமாறு யாரும் அவரைக் கேட்கவில்லை. வாயிலிருந்து வந்துவிட்ட சொல்லை மொரோ மட்டும் நன்றாக நினைவில் வைத்துக்கொண்டார். பெருவற்றம் இனி அரையாண்டு கழித்தே வரும். நாயகியோ மறுவாரமே பாரிசு நாடகமேடைக்குத் திரும்ப வேண்டியவர். தவறினால் மீண்டும் எடுக்க இயலாத காட்சியையும், இருபது ஆண்டுகள் காத்திருந்து பெற்ற முதற்படத்தையும் ஒரே பிற்பகலில் பணயம் வைத்தார் மிரேய்.

அன்று அவர் செய்தது இதுதான். கதிரவனை நாயகிக்குப் பின்னே நிறுத்தி, வானத்தைக் காட்சிக்கு வெளியே ஒதுக்கி, கருவியின் துளையை மிகச் சுருக்கி, பகலொளியின் நீலத்தை நீக்கும் கண்ணாடியையும் கழற்றிவிட்டு, நீலம் தோய விட்டார். நாயகி இருளில் வழி தேடுபவளைப்போல் கைகளை முன்னே நீட்டி, கால்விரலால் மணலைத் துழாவித் துழாவி நடந்தாள். முகில் ஒன்று வந்து நின்றபோது எல்லாரும் பதற, மிரேய் மட்டும் அது நகருமென்று சொல்லிவிட்டுச் சூடாக ஒரு குவளை காப்பி கேட்டார். முகிலும் நகர்ந்தது, காட்சியும் முடிந்தது. படச்சுருள் அந்த வியாழக்கிழமை மாலைத் தொடர்வண்டியிலேயே பாரிசுக்குச் சென்றது.

சனிக்கிழமை முற்பகலில், தேவாலயத்துக்குரிய சிறு திரையரங்கில், பாரிசிலிருந்து வந்த பட அச்சினைக் காணக் குழுவினர் கூடினர். விளக்கணைந்தது, திரை ஒளிர்ந்தது. ஆங்கே இரவு இல்லை. பட்டப்பகல் இருந்தது. வெயில் கொளுத்தும் மணலில், கண்தெரிந்த பெண்ணொருத்தி குருடியைப்போல் தடவித் தடவிச் சென்றாள்.

முதலில் ஒருவர் கனைத்தார். பின் ஒருவர் அடக்கமாட்டாமற் சிரிக்க, அரங்கின் பாதி அவரோடு சேர்ந்தது. தொலைந்து போன எதையோ தேடுகிறாள் போலும் என்று பின்வரிசையில் யாரோ சொல்ல, மீதிப் பாதியும் சேர்ந்தது. எர்வே இரு கைகளாலும் முகத்தை மூடிக்கொண்டார். மொரோ சிரிக்கவில்லை. எழுந்து சென்று, விருதுகள் பல பெற்ற ஒளிப்பதிவாளர் ஆர்மான் வெல்தியைத் தொலைபேசியில் அழைத்து, எஞ்சிய படத்தை முடித்துத் தருமாறு வேண்டினார். அவரும் திங்களன்று வருவதாக ஒப்பினார்.

எல்லாரும் சிரித்துக்கொண்டிருந்த பொழுதில் மிரேய் திரையை விட்டுக் கண்ணெடுக்கவில்லை. அவ்வெயில் முழுதும் நொய்யரிசி சிந்தினாற்போல் கரகரவென்று மணிகள் மொய்த்திருந்தன. இருண்ட சுருளை வலிந்து வெளுப்பாக்கினாலன்றி அம்மணிகள் தோன்றா. எனவே தம் இரவை யாரோ திருத்தியிருக்கிறார் என்று தெளிந்தார். யார் என்பதும் அவருக்குத் தெரியும். பாரிசிற் படங்களை அச்சிடும் கூடத்தில், அவருடைய செய்திச் சுருள்களை முதல்நாள் தொட்டு அச்சிட்டு வரும் லூசியேன்தான். இது பகலை இரவாக்கிய காட்சி என்று ஒரு சொல் சுருளோடு சொல்லி அனுப்புவது தொழில் வழக்கம். இரவென்பது பார்த்தாலே தெரியாதா என்னும் செருக்கில் அவர் அதனைச் சொல்லாமல் விட்டிருந்தார்.

எதிரேயிருந்த காப்பிக்கடையின் தொலைபேசியில் லூசியேனின் வீட்டுக்கு அழைத்தார். அவர் முயற்கறியோடு நண்பகலுணவில் அமர்ந்திருந்தார்.

"வியாழக்கிழமை சுருளை நீதானே அச்சடிச்சே?"

"நானேதான். நன்றியெல்லாம் வேணாம். மொத்தமும் இருட்டு, மிரேய். வேற யார் கையில கெடைச்சிருந்தாலும் உன் மானம் போயிருக்கும். நான் வெளிச்சத்தைத் தூக்கிவிட்டுட்டேன்."

"இத்தனை வருஷமா இப்படித்தான் தூக்கிவிட்டுட்டு இருந்தியா?"

"நியூசுக்கு அவசரத்துல ஓடி ஓடி எடுக்கறே. சில நாள் இருட்டாத்தான் வரும். ஒரு தடவையாவது சொல்லிக் காட்டியிருக்கேனா?"

மிரேய்க்குச் சினம் பொங்கிற்று. அதே கணத்தில் அம்மனிதர் மேல் அன்பும் பொங்கிற்று. தம் புகழைக் காக்க ஒருவர் இத்துணைக் காலம் வாய்திறவாமல் உழைத்ததும், அவ்வுழைப்பே இன்று தம்மைக் கவிழ்த்ததும் ஒருங்கே உறைத்தன.

"அது ராத்திரி, லூசியேன். இருட்டாத்தான் இருக்கணும். எப்படி வந்திருக்கோ அப்படியே அச்சடி. துளிகூட ஏத்தாதே."

"மொகமே தெரியாமப் போயிட்டா?"

"போனா என் தலையோட போகட்டும். இந்த ஒரு தடவை என்னைக் காப்பாத்தாம இரு."

மறுமுனையில் முட்கரண்டியைத் தட்டில் வைக்கும் ஓசை கேட்டது. பின்னர், செவ்வாயன்று அச்சு வந்து சேருமென்று லூசியேன் சொன்னார். மிரேய் நேரே மொரோவிடம் சென்று, அச்சில் நேர்ந்ததைச் சொல்லி, செவ்வாய் வரை பொறுக்குமாறு கேட்டார். ஆர்மான் வரட்டும், அவரும் பார்க்கட்டும் என்றார். தப்பிக்க நினைப்பவர் தமக்கு மாற்றாய் வருபவரையே சாட்சிக்கு அழைப்பாரோ என்று எண்ணிய மொரோ, மறுக்க வழியின்றி இசைந்தார்.

திங்கட்கிழமைக் காலை வந்தது. படப்பிடிப்புத் தளங்களில் காலைதோறும் ஒவ்வொருவரும் மற்றவரைக் கன்னத்தோடு கன்னம் வைத்து வாழ்த்திய பின்னரே வேலை தொடங்குவர். அன்று சிலர் மிரேய்க்குக் கை மட்டும் நீட்டினர். சிலர் கம்பிவடத்தைச் சுற்றுவதில் திடீரென்று ஆழ்ந்துபோயினர். தோற்றவரின் கன்னம் குளிர்ந்துவிடும் போலும். மிரேய் ஒருவரையும் விடாமல், வடம் சுற்றியவரையும் நிமிர்த்தி, எல்லாருடைய கன்னத்திலும் தம் கன்னத்தை வைத்துவிட்டு வேலைக்குச் சென்றார்.

செவ்வாய்ப் பிற்பகலில் அதே அரங்கில் மீண்டும் விளக்கணைந்தது. இம்முறை திரையும் இருண்டே இருந்தது. சிறிது சிறிதாய்க் கண் பழகவே, நீலக் கருமையில் மணலின் நெளிவுகள் ஒவ்வொன்றாய் எழுந்தன. ஈரத்தின் மேல் நிலவு நீண்டு கிடந்தது. அதன் விளிம்பில், கூந்தலும் தோளும் மட்டும் வெள்ளிக்கோடாய் ஒளிர, ஒருத்தி கைகளை நீட்டியபடி வந்தாள். அவள் முகம் தெரியவில்லை. அவள் அஞ்சுவது தெரிந்தது. முன்னாளில் சிரித்தவர்களே, அவள் ஓரடி தவறியபோது இருக்கையின் கையைப் பற்றிக்கொண்டனர். காட்சி முடிந்து விளக்கேறிய பின்னும் எவரும் எழவில்லை.

முதலிற் பேசியவர் ஆர்மான் வெல்தி. புகழால் கெட்டுப்போகாத மனிதர் அவர்.

"நான் நாளைக்குக் காலையில ரயிலேறிடறேன், மொரோ. என்னைக் கேட்டிருந்தா நாலு வண்டி லைட்டு கேட்டிருப்பேன். இது வந்திருக்காது."

மொரோ எழுந்து வந்து மிரேயின் இரு கன்னங்களிலும் முத்தமிட்டார். தாம் தவறிவிட்டதாக வெளிப்படையாகவே ஒப்பினார். அடுத்த படமும் அவருக்கே என்றார். மகிழ்ச்சி மிகுதியில் மேலும் ஒன்று சொன்னார்:

"குளிர்காலத்துக்கு ஏதோ துப்பறியும் தொடர் ஒத்துக்கிட்டிருக்கீங்களாமே, அதை விட்டுடுங்க. இதை எடுத்த கை இனிமே டிவி பக்கம் போகக் கூடாது. இன்னையிலேர்ந்து நீங்க சினிமாக்காரங்க."

இருபது ஆண்டுகளாக மிரேய் கேட்க ஏங்கிய சொல் அது. அதனைக் கேட்டபோது இனித்ததென்பதையும் மறைப்பதற்கில்லை. ஆயினும் அவர் மறுத்துத் தலையசைத்தார்.

"இந்த ராத்திரியை எடுத்தது அந்த டிவிக்காரிதான், மொரோ. மழையில நின்னவ, மோட்டார் சைக்கிள்ல தொங்கினவ. அவளை வாசல்லயே நிறுத்திட்டு நான் மட்டும் உள்ள வந்தா, கேமராவை யார் பிடிக்கறது? உங்க படத்துக்கு வரேன். தொடரை முடிச்சுட்டு வரேன்."

சொன்னபடியே செய்தார். அதன்பின் பெருந்திரைக்கும் சிறுதிரைக்குமாக மாறி மாறி நெடுங்காலம் உழைத்தார்; விருது பெற்ற படங்களும் உண்டு, மறக்கப்பட்ட தொடர்கள் மிகப் பலவும் உண்டு. அக்குளிர்காலத் தொடரை மக்கள் தத்தம் அடுக்களையில் பாத்திரம் துலக்கிக்கொண்டும், பிள்ளைகளை அதட்டிக்கொண்டும் பார்த்தனர். அதில் ஒரு காவல்நிலையச் சுவரின் மேல் சாயும் வெயிலுக்காக மிரேய் அரைநாள் காத்திருந்தார் என்பது அவர்களில் ஒருவருக்கும் தெரியாது. கற்றறிந்த அன்பரே, மேலேறியபின் ஏணியை உதைப்பவர் உலகில் மிகப் பலர். அவர்தம் உயரத்தையும் உலகம் உயரமென்றே எழுதிவைக்கின்றது. தாம் நின்று பயின்ற நிலத்தைப் பழிக்காமல், அதனையும் உடன்கொண்டு உயர்ந்தவர் மிகச் சிலர். அச்சிலருடைய ஒளி, விழும் திரையின் அளவைக் கேட்டு விழுவதில்லை.