நீதிபதிக்குப் பின்னால்

1
இந்தக் கதை என் யோசனை இல்லை. காலமான நீதிபதியின் மகள் நினைவு மலருக்காகக் கேட்டார். "அப்பாவுக்குப் பின்னால எது நின்னுச்சுன்னு எழுதுங்க அங்கிள். ரெண்டு பக்கம் போதும்."

நான் அவருடைய கோர்ட்டில் பதினோரு வருஷம் சுருக்கெழுத்தர். அவர் சொல்லச் சொல்ல எழுதியே பழகிய கை, சொந்தமாக எழுதச் சொன்னால் சண்டித்தனம் செய்கிறது.

2
முதல் தொடக்கம்: "நீதியின் விடிவெள்ளியாய் அவதரித்த..." (வேண்டாம். அவரே அடித்திருப்பார்.)

இரண்டாவது: அவர் வக்கீலாக இருந்தபோது, சாட்சி சொல்ல வந்த கர்ப்பிணி ஒருத்தி கூண்டில் நின்று நின்று மயங்கி விழுந்தாள். அன்றிலிருந்து சாட்சிகளுக்கு நாற்காலி கேட்டு மனு மேல் மனு போட்டார். 'நாற்காலி வக்கீல்' என்று கேலி செய்தார்கள். நீதிபதியான முதல் நாளே கூண்டுக்குள் நாற்காலி போட்டார். இன்று எங்கள் ஊரில் எல்லா கோர்ட்டிலும் போடுகிறார்கள். ஆக, பின்னால் நின்றது நாற்காலி. சுபம்.

3
சுபம் போட்ட கையோடு, ஒரு தேதியைச் சரிபார்க்க டவாலிக்குப் போன் செய்தேன். வெள்ளை உடுப்பும் பட்டையுமாக நீதிபதிகூடவே இருந்தவர். விஷயத்தைச் சொன்னதும் விழுந்து விழுந்து சிரித்தார்.

"ஐயாவுக்குப் பின்னால எது நின்னுச்சா? நான்தான் சார் நின்னேன்! பதினோரு வருஷம், அவர் நாற்காலிக்குப் பின்னாலயே. முட்டி ரெண்டும் போச்சு."

"ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாமே?"

"அவரு திரும்பினாத்தானே? ஆமா, நீங்க எதிர்லதானே உட்கார்ந்திருந்தீங்க?"

நான் அதைப் பார்த்தும்

(இந்த வாக்கியத்தை நாலு முறை தொடங்கிவிட்டேன். வெட்கமாக இருக்கிறது. அப்படியே கிடக்கட்டும்.)

4
மகளிடம் படித்துக் காட்டினேன். "அப்பாவைக் குறை சொல்ற மாதிரி இருக்கே அங்கிள். மூணாவதை எடுத்துடலாமா?"

டவாலியிடம் கேட்டேன். "தங்கமான மனுஷன். திட்டி எழுதாதீங்க. ஆனா, நான் அங்க இருந்தேன்னு மட்டும் இருக்கட்டும் சார்."

5
ஒரு முடிவு: மூன்றாவதை அடித்துவிடுவது. இன்னொன்று: ஓய்வு பெற்ற அன்று நீதிபதி திரும்பிப் பார்த்து, "உட்காருப்பா" என்று தன் நாற்காலியை நகர்த்தினார் என்று எழுதுவது. (பச்சைப் பொய். ஆனாலும் கை துறுதுறுக்கிறது.)

அவர் சொன்ன தீர்ப்பை எழுதியிருக்கிறேனே தவிர, நான் தீர்ப்புச் சொன்னதில்லை. மூன்றாம் பகுதி உள்ளது ஒன்று, இல்லாதது ஒன்று என இரண்டு பிரதியையும் மகளிடமே கொடுத்துவிட்டேன். மூன்றாம் பகுதியை நீங்கள் படித்துவிட்டீர்கள் என்றால், அவர் அப்பாவின் மகள்தான்.

மலர் வெளியீட்டுக்கு டவாலியும் வருகிறார். அரங்கில் எத்தனை நாற்காலி காலியாக இருந்தாலும், பழக்கதோஷம், கடைசி வரிசைக்குப் பின்னால்தான் நிற்பார். நீங்கள் முன்னால் உட்கார்ந்திருப்பீர்கள். கொஞ்சம் திரும்பிப் பாருங்களேன்.